குடம் தூக்கும் எட்டு நொடி

எட்டு நொடி அனிமேஷன் காட்சி ஒன்றுக்காக மூன்று வாரம் மேசையில் உட்கார்ந்திருந்தேன். ஒரு ஆச்சி படித்துறையில் இறங்கி வருகிறாள், குனிகிறாள், குடத்தைத் தண்ணீருக்குள் அமுக்குகிறாள், நிரம்பியதும் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு திரும்புகிறாள். அவ்வளவுதான். பேச்சு கிடையாது, பாட்டு கிடையாது. திரையில் ஒரு நொடிக்கு 24 ஃப்ரேம் (ஒவ்வொன்றும் அசையாத ஒரு சட்டம்) என்றால் எட்டு நொடிக்கு 192. ஒரு படத்தை இரண்டு ஃப்ரேம் நிறுத்திவைக்கிற வழக்கப்படி 96 படம். இது ஆச்சிக்கு மட்டும். தண்ணீருக்குத் தனி லேயர் (ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்குகிற படத்தளம்), முந்தானைக்குத் தனி லேயர், படிக்கட்டில் விழுகிற நிழலுக்கு இன்னொன்று.

இதே ஆச்சியை, இதே படித்துறையில், இதே குடத்தோடு இதற்கு முன்னால் இரண்டு தடவை வரைந்திருக்கிறேன். முதல் தடவை ஒரு சிறுவர் கதைப் புத்தகத்தில் ஒற்றைப் படமாக. இரண்டாவது தடவை நானே எழுதிய ஒரு காமிக்ஸில் ஆறு கட்டமாக. இப்போது நானே ராத்திரிகளில் உட்கார்ந்து செய்துகொண்டிருக்கிற ஒரு குறும்படத்தில், அசைகிற படமாக. மூன்று தடவையும் ஆள் ஒருத்திதான், என் அப்பாவைப் பெற்ற ஆச்சி. ஊர் சேரன்மகாதேவி, எங்கள் வாய்க்கு சேரம்மாதேவி. ஆறு தாமிரபரணி.

"ஏதாவது ஒண்ணப் பிடிச்சுக்கோ" என்று பல வருஷமாகக் கேட்டுக்கொண்டிருக்கிறேன். சொல்கிறவர்கள் என் நல்லதுக்குத்தான் சொல்கிறார்கள். சென்னையில் என்னோடு வேலை பார்த்தவர்கள், வேலைகளைத் தொகுத்துக் காட்டும்போது ஒரே மாதிரி இருந்தால்தான் கூப்பிடுவார்கள் என்பார்கள். ஊரில் அத்தான் ஒருவர், "ஒரு கடைன்னா ஒரு சரக்கு வேணும்லா" என்பார். எனக்கு இவை மூன்று சரக்காகத் தெரியவில்லை. ஓடிக்கொண்டிருக்கிற காலத்தில் எந்த நொடியை வரைவது, எதை வரையாமல் விடுவது, மூன்றிலும் வேலை அதுதான். ஒற்றைப் படத்தில் ஒரு நொடி கிடைக்கும். காமிக்ஸில் ஆறோ ஏழோ கிடைக்கும், நடுவில் இருப்பதை வாசிக்கிறவர் போட்டுக்கொள்வார். அனிமேஷனில் அந்த நடுவையும் நானே வரைந்தாக வேண்டும்.

தொடக்கத்தில் இவை தனித்தனியாக இருந்ததும் இல்லை. அமெரிக்காவில் வின்சர் மெக்கே என்கிற பத்திரிகைக் காமிக்ஸ் ஓவியர், 1914இல் ஒரு டைனோசரை ஆயிரக்கணக்கான தாள்களில் வரைந்து நடக்கவைத்தார். பின்னணிமேல் வைத்து வரைகிற கண்ணாடித் தாள் வழக்கத்துக்கு வராத காலம், அதனால் ஒவ்வொரு தாளிலும் பின்னணியையும் மறுபடி வரைய வேண்டும், அதற்கு ஒரு உதவியாளர் இருந்தார். மேடையில் நின்றுகொண்டு மெக்கே பேசுவார், திரையில் இருக்கிற டைனோசர் கேட்டு நடக்கும். செய்தித்தாளில் வாராவாரம் கட்டம் போட்ட அதே கை. அவரிடமும் ஒன்றைப் பிடித்துக்கொள்ளச் சொன்னார்கள், பத்திரிகை முதலாளி ஹெர்ஸ்ட் தலையங்கப் படங்களோடு நிற்கச் சொன்னார், நல்லவேளை அவர் அனிமேஷனை முழுசாக விட்டுவிடவில்லை.

ஒற்றைப் படத்திலிருந்து தொடங்குகிறேன். புத்தகத்தில் அந்தப் பக்கத்துக்கு வந்த வரி, பாட்டி ஆற்றுக்குப் போய்த் தண்ணீர் கொண்டுவந்தாள் என்பது மாதிரி ஒன்று. போனது, எடுத்தது, வந்தது எல்லாம் அதற்குள் இருக்கிறது, எனக்குக் கிடைத்ததோ ஒரு நொடி. ஏழெட்டு பென்சில் படம் போட்டுப் பார்த்துவிட்டு, குடம் இடுப்பில் ஏறி, ஒரு கால் மேல்படியில் ஊன்றி, இன்னொரு கால் தண்ணீரிலிருந்து பாதி வெளியே வந்திருக்கிற நொடியை எடுத்துக்கொண்டேன். அந்தக் காலைப் பார்த்தால் முன்னால் என்ன நடந்தது என்று தெரியும், குடம் ததும்புவதைப் பார்த்தால் அடுத்து என்ன நடக்கும் என்று தெரியும்.

இப்படி ஒரு நொடியைத் தேடுகிற பழக்கம் எங்கிருந்து வந்தது என்று யோசித்தால் குற்றாலம்தான் ஞாபகம் வருகிறது. சின்ன வயசில் சாரல் சமயத்தில் அருவியில் குளித்துவிட்டுத் தலை ஈரம் காயாமல் தாத்தா எங்களைச் சித்திர சபைக்குக் கூட்டிப்போவார். நடராசருக்கு ஐந்து சபை. சிதம்பரத்தில் பொன், மதுரையில் வெள்ளி, திருவாலங்காட்டில் ரத்தினம், திருநெல்வேலியில் தாமிரம், குற்றாலத்தில் சித்திரம். ஐந்தில் இரண்டு பழைய நெல்லைச் சீமைக்குள்ளேயே இருக்கின்றன என்பதில் தாத்தாவுக்குப் பெரிய பெருமை. சித்திர சபையில் சிலை கிடையாது. சாமியே சுவரில் எழுதின படம். சுற்றிச் சுவர் முழுக்க வேறு படங்கள். எனக்கு அப்போது புரிந்தது ஒன்றே ஒன்று, படத்துக்கும் தீபம் காட்டுவார்கள். ஊன்றிய கால் ஒன்று, தூக்கிய கால் ஒன்று. தூக்கிய கால் இப்போதுதான் எழுந்ததா, இறங்கப் போகிறதா என்று சொல்லவே முடியாது. ஆடுகிறவரை அசையாமல் எழுத வேண்டும் என்றால் இந்த நொடியைத் தவிர வேறு எதை எடுக்க முடியும்? அனிமேஷனில் இதைக் 'கீ' என்பார்கள், ஓர் அசைவின் ஆணிவேர்ப் படம். அந்த ஓவியர்களுக்கு அந்தச் சொல் தேவைப்படவில்லை.

வீட்டுப் பட்டாசலில் தொங்கிய காலண்டர் படங்கள் வேறு வகை. அதில் காலமே கிடையாது. லட்சுமி நேராக நின்று உங்களைப் பார்ப்பாள், எந்த மூலைக்குப் போனாலும் பார்ப்பாள். அந்தப் படங்களின் பெரிய பரம்பரை எங்களுக்கு வடக்கே கோவில்பட்டியில் இருந்தது, 1986 வரை கோவில்பட்டியும் திருநெல்வேலி மாவட்டம்தான். கொண்டைய ராஜு நாடகக் கம்பெனிக்கு சீன் எழுதிக்கொண்டிருந்தவர், கடைசியில் கோவில்பட்டியில் தங்கிவிட்டார். அவரும் அவருடைய சீடர்களும் எழுதிய சாமிகள் சிவகாசி அச்சகங்களில் ஏறித் தமிழ்நாடு முழுக்கச் சுவரில் உட்கார்ந்தார்கள். வருஷம் முடிந்தால் தேதிப் பகுதியைக் கிழித்துவிட்டுப் படத்துக்குச் சட்டம் போடுவோம், தூர எறிகிற வழக்கமே இல்லை. கொண்டைய ராஜுவை இல்லஸ்ட்ரேட்டர் என்று யாரும் சொல்வதில்லை, எனக்கு அவர்தான் முதல் இல்லஸ்ட்ரேட்டர். கண்ணை எப்படி வைத்தால் பார்க்கிறவரைப் பிடித்து நிறுத்தும் என்பதை அந்தப் படங்களிலிருந்துதான் திருடினேன்.

புத்தகப் படத்தில் எனக்கு ஒரு சண்டையும் வந்தது. ஆற்றை நீலமாக்கிக் கேட்டார்கள். தாமிரபரணி எங்கள் ஊர்ப் பக்கம் நீலம் கிடையாது. மருத மர நிழலில் கரும்பச்சை, வெயிலில் மணல் தெரிகிற பழுப்பு, ஐப்பசி கார்த்திகையில் வெள்ளம் வந்தால் செங்காவி. வயலும் அப்படித்தான், கார் போக நடவுக்கு ஒரு பச்சை, பிசானப் போகத்துக்கு ஒரு பச்சை, அறுப்புக்கு முன்னால் வேறு ஒன்று. இதையெல்லாம் எழுதி அனுப்பினேன், கூடவே போனில் எடுத்த நாலு படங்களையும். பச்சையாகவே அச்சானது. அந்தப் புத்தகத்தில் எனக்கு மிகவும் பிடித்த பக்கம் அதுதான்.

ஆனால் ஒன்று. குடத்தை ஆச்சி எப்படித் தூக்கினாள் என்று அந்தப் படம் சொல்லவில்லை. தூக்கியாகிவிட்டது. அப்போது எனக்கு அது உறைக்கவில்லை.

காமிக்ஸ் எனக்கு எழுத்துக்கு முன்னால் வந்தது. தினத்தந்தியில் கன்னித்தீவு 1960இல் ஆரம்பித்தது, நான் பிறப்பதற்கு வெகுகாலம் முன்னாலேயே. பேப்பரைத் தொடங்கிய ஆதித்தனாருக்குத் திருச்செந்தூர் பக்கத்துக் காயாமொழி சொந்த ஊர் என்பதால் எங்கள் பக்கத்தில் அது கிட்டத்தட்ட உள்ளூர்ப் பேப்பர். ஆச்சிக்கு வாசிக்கத் தெரியாது. தினமும் காலையில் கருப்பட்டிக் காப்பியோடு வீட்டு முன்பக்கத் தார்சாவில் உட்கார்ந்து அந்த இரண்டு மூன்று கட்டத்தை மட்டும் பார்ப்பாள். "இதுல யாரு பேசுதா? இவனா, அவனா?" என்று கேட்பாள். பேச்சைச் சுற்றிப் போடுகிற பலூனின் வால், பேசுகிறவர் யார் என்று காட்டும், அந்த வாலைப் பார்க்கத் தெரியாமல்தான் கேட்கிறாள் என்று எனக்குத் தெரிந்தபோது ஆறு வயது. விரல் வைத்துக் காட்டினேன். அதற்கப்புறம் அவள் கேட்கவே இல்லை, கதையை எனக்கே சொல்ல ஆரம்பித்துவிட்டாள், பலூனுக்குள் என்ன எழுதியிருக்கிறது என்று தெரியாமலே. பாதிக்கு மேல் சரியாக இருக்கும்.

மாமா ஒருவர் கட்டிலுக்கு அடியில் டிரங்குப் பெட்டியில் முத்து காமிக்ஸ் வைத்திருந்தார். 1972இல் சிவகாசியிலிருந்து இரும்புக்கை மாயாவியோடு ஆரம்பித்தது அது. லண்டனில் நடக்கிற கதை, தமிழில் பேசும். எனக்கு அதில் ஒரு ஏக்கம் எப்போதும் இருந்தது. இத்தனை தெரு, இத்தனை மாடி, இத்தனை மழை வரைந்திருக்கிறார்களே, எங்கள் ஊர்த் தெருவை யாராவது இப்படிக் கட்டம் கட்டமாக வரைந்திருப்பார்களா?

வரைந்திருக்கிறார்கள் என்று தெரிய எனக்கு இருபது வயதுக்கு மேலாகிவிட்டது. எங்கள் ஊரிலிருந்து மேற்கே போனால் திருப்புடைமருதூர். தாமிரபரணியும் கடனா நதியும் கலக்கிற இடத்தில் நாறும்பூநாதர் கோயில். சின்ன வயசிலிருந்து போய்க்கொண்டிருக்கிற கோயில்தான், மரத்தில் உட்கார்ந்திருக்கிற கொக்கும் நாரையும் பார்க்கவே போவோம். கோபுரத்துக்கு உள்ளே ஒரு உலகம் இருக்கிறது என்று யாரும் சொல்லவில்லை. ஒரு தடவை அனுமதி வாங்கிக்கொண்டு படம் எடுக்கப் போனவர்களோடு நானும் ஏறினேன். குறுகலான மரப்படிகள். ஐந்து நிலைகளிலும் சுவர் நிறைய நாயக்கர் காலத்து ஓவியங்கள், நடுவில் செதுக்கிய மரத்தூண்கள். ராமாயணம், திருவிளையாடல், போர்கள். ஒரு இடத்தில் கப்பல். அந்தக் கப்பலில் குதிரைகள் நிற்கின்றன, அரபு நாட்டிலிருந்து கடல்வழியாக இறக்குமதியான குதிரைகள். டார்ச் வெளிச்சத்தை அந்தக் கப்பல்மேல் வைத்துக்கொண்டு எவ்வளவு நேரம் நின்றேன் என்று எனக்கே தெரியவில்லை.

சும்மா அழகு என்று நான் நிற்கவில்லை. சுவரைப் பட்டை பட்டையாகப் பிரித்து, பட்டைக்குள் காட்சி காட்சியாகக் கதையை நகர்த்துகிறார்கள். ஒரே ஆள் பக்கத்துப் பக்கத்தில் மறுபடி மறுபடி வருகிறான், ஒரு இடத்தில் வந்து நிற்கிறான், அடுத்ததில் சண்டை போடுகிறான். பார்க்கிறவர் நடக்க நடக்கக் கதை நடக்கும். நான் காமிக்ஸ் என்று எதைக் கற்றுக்கொண்டேனோ அது அங்கே சுண்ணாம்புச் சுவரில் நானூறு வருஷத்துக்கு முன்னால் இருக்கிறது. கீழே இறங்கி ஆற்றில் கால் வைத்து உட்கார்ந்தபோதுதான் என் ஆச்சிக் கதையை எழுத வேண்டும் என்று முடிவு செய்தேன்.

ஆறு கட்டம். முதல் கட்டத்தில் வெறும் படித்துறை, வெயில். இரண்டாவதில் பாதமும் தண்ணீரும். மூன்றாவதில் குடத்தின் வாய். நாலாவதில் படம் கிடையாது, சத்தம் மட்டும். குடம் நிரம்பும்போது முதலில் குபுக் குபுக் என்று கனமாகக் கேட்கும், நிரம்ப நிரம்ப அந்தச் சத்தம் மெலிந்து மேலே ஏறும், அதனால் எழுத்துகளைப் பெரிதாக ஆரம்பித்துச் சிறிதாக்கிக்கொண்டே போனேன். ஐந்தாவதில் குடம் இடுப்பில். ஆறாவதில் ஆச்சி இல்லை, படிகளில் ஈரக்கால் தடம் மட்டும், மேலே மேலே போகப் போகக் காய்ந்துகொண்டு.

சரி, தமிழில் பலூன் எழுதுகிற பாட்டையும் கொஞ்சம் சொல்ல வேண்டும். இங்கிலீஷ் காமிக்ஸில் பெரிய எழுத்துகளாகவே எழுதுகிறார்கள், மேலே கீழே எதுவும் நீட்டாது, வரிகளை நெருக்கி அடுக்கலாம். நமக்கு மேலே ி, ீ சுழிக்க வேண்டும், கீழே ு, ூ இறங்க வேண்டும், இரண்டு வரிக்கு நடுவே இடம் விடாவிட்டால் மேல்வரிக் காலும் கீழ்வரித் தலையும் முட்டிக்கொள்ளும். ஃபோட்டோஷாப்பில் முதன்முதலாக யூனிகோடில் தட்டியபோது கொம்பு ஒரு பக்கம், எழுத்து ஒரு பக்கம், கால் ஒரு பக்கமாகச் சிதறியது. எழுத்து அமைப்பை 'வேர்ல்ட் ரெடி' என்கிற வகைக்கு மாற்றினால் சரியாகிவிடும் என்று கண்டுபிடிக்க எனக்கு இரண்டு நாள். இப்போது அதையும் விட்டுவிட்டுக் கையாலேயே எழுதுகிறேன், படத்தின் கோடும் எழுத்தின் கோடும் ஒரே பேனாவில் வந்தால்தான் பக்கம் ஒட்டுகிறது.

சொல்லின் நீளம்தான் பெரிய தொந்தரவு. "வந்துகொண்டிருக்கிறார்கள்" என்று எழுதினால் 13 எழுத்து, பலூன் பாதிக் கட்டத்தை அடைத்துக்கொள்ளும். எங்கள் ஊரில் அதை "வாராவ" என்கிறோம். மூன்று எழுத்து. காமிக்ஸ் எழுத உட்கார்ந்தபோதுதான் நெல்லைப் பேச்சின் அருமை எனக்குப் புரிந்தது, அது பலூனுக்கென்றே இழைத்துவைத்த மாதிரி இருக்கிறது. "என்னவே", "எய்யா", "சவத்த வுடு", எல்லாம் சின்னச் சின்னக் குமிழிக்குள் அடங்கும், முகத்துக்கு இடம் மிச்சமாகும். மதுரைக்கு வடக்கே யாருக்கும் புரியாது என்று ஒருவர் எச்சரித்தார். புரிந்தது. தஞ்சாவூரிலிருந்து ஒரு அம்மா, தன் ஆச்சி இல்லை அப்பாயி என்று மட்டும் திருத்திவிட்டு, ஆறாவது கட்டத்தில் அழுததாக எழுதியிருந்தார்.

அந்த ஆறு கட்டத்தை மறுபடி பாருங்கள். நாலாவதில் குடம் தண்ணீருக்குள். ஐந்தாவதில் இடுப்பில். நடுவில் இருக்கிற வெள்ளைக் கோட்டில்தான் ஆச்சி குடத்தைத் தூக்குகிறாள். அதை வாசித்தவர்கள் ஒவ்வொருவரும் அவரவர் ஆச்சியை வைத்துத் தூக்கிக்கொண்டார்கள். நான் இரண்டாம் தடவையும் தப்பித்துவிட்டேன்.

அனிமேஷனில் தப்பிக்க வழி கிடையாது.

அந்தத் தொழிலைச் சென்னையில் கற்றேன். ஆறு வருஷம், ஒரு ஸ்டுடியோவில் இன்பிட்வீனர். வெளிநாட்டுத் தொலைக்காட்சித் தொடர்களுக்கான வேலை. பெரியவர்கள் கீ போட்டுத் தருவார்கள், முதல் கீக்கும் இரண்டாவது கீக்கும் நடுவில் வருகிற படங்களை நாங்கள் போடுவோம். அடியில் விளக்கு எரிகிற லைட்பாக்ஸில் இரண்டு தாளையும் வைத்து, நடுக்கோட்டைத் தேடி, மூன்றாவது தாளில் இழுக்க வேண்டும். எழுதிப் படித்து வருகிற வேலை இல்லை, பக்கத்தில் உட்கார்ந்து கை பார்த்துத்தான் வரும். இந்தியாவில் அது வந்ததே அப்படித்தான். 1956இல் பம்பாய் ஃபிலிம்ஸ் டிவிஷனுக்கு டிஸ்னியில் வேலை பார்த்த கிளேர் வீக்ஸ் வந்து ஒரு சின்னக் கூட்டத்துக்குக் கற்றுக்கொடுத்தார், அதில் ஒருவர் ராம் மோகன், பிற்பாடு அவர் எத்தனையோ பேருக்குக் கற்றுக்கொடுத்தார். நான் ஆறு வருஷத்தில் போட்ட படங்களுக்குக் கணக்கு கிடையாது. ஒரு தொடரின் கடைசியில் ஓடுகிற பெயர்ப் பட்டியலில்கூட எங்கள் வரிசையில் இருந்த யார் பெயரும் வரவில்லை. அது இன்றைக்கும் எனக்கு வலிக்கிறது. முதல் தொடர் வெளியானபோது வீட்டில் எல்லாரையும் கூப்பிட்டு உட்காரவைத்து, அம்மா கடைசி எழுத்து வரை கண்கொட்டாமல் பார்த்தாள். 2020இல் எல்லாம் அடைத்தபோது ஊருக்கு வந்தேன், திரும்பிப் போகவில்லை.

அங்கே ஒரு நாள் 'ஆன்டிசிபேஷன்' சொல்லிக்கொடுத்தார்கள். குதிப்பதற்கு முன்னால் உடம்பு கீழே இறங்கும், எறிவதற்கு முன்னால் கை பின்னால் போகும், அந்த முன்னசைவு இல்லாவிட்டால் அசைவில் உயிர் இருக்காது என்றார்கள். எனக்கு உடனே பள்ளிக்கூடத்துத் தமிழ் வகுப்பு ஞாபகம் வந்தது. மாத்திரை என்றால் கண் இமைக்கிற நேரம் அல்லது கைநொடிக்கிற நேரம். அந்தக் கைநொடிப்பை ஒரு பழைய சூத்திரம் நாலாகப் பிரிக்கிறது. உன்னல் கால், ஊன்றல் அரை, முறுக்கல் முக்கால், விடுத்தல் ஒன்று. நொடிக்க வேண்டும் என்று நினைப்பது கால் மாத்திரை, விரலோடு விரலை ஊன்றுவது அரை, முறுக்குவது முக்கால், விடும்போது ஒன்று முழுசாகிறது. மார்க்குக்காக மனப்பாடம் செய்தது. அன்றைக்கு ராத்திரி அறைக்கு வந்து என் கையையே போனில் மெதுவாக ஓடுகிற வீடியோவாக எடுத்துப் பார்த்தேன். நாலும் அப்படியே இருக்கிறது! சத்தம் வருகிற கணம் ரொம்பச் சின்னது, அதற்கு முன்னால் ஊன்றலும் முறுக்கலும் எவ்வளவு நேரம் எடுத்துக்கொள்கின்றன.

அதைவிட என்னை உலுக்கியது உன்னல். நினைப்பதற்கும் ஒரு அளவு வைத்திருக்கிறார்கள். கை இன்னும் அசையவே இல்லை, ஆனால் அசைவு தொடங்கிவிட்டது. அனிமேட்டர்கள் படாத பாடு பட்டுக் கற்றுக்கொள்வது இதைத்தான், பாத்திரம் முதலில் நினைக்க வேண்டும், கண் திரும்ப வேண்டும், அப்புறம் தலை, அப்புறம்தான் கை. நினைக்காமல் அசைகிற பாத்திரம் பொம்மையாகிவிடும்.

பொம்மை என்று சொன்னதைத் திருத்திக்கொள்கிறேன். சின்ன வயசில் ஊருக்குத் தோல்பாவைக்கூத்துக்காரர்கள் வந்திருக்கிறார்கள். ஆட்டுத்தோலில் வெட்டிய ராமன், தோளிலும் முழங்கையிலும் நூலால் கோத்த மூட்டு, வெள்ளை வேட்டித் திரை, பின்னால் விளக்கு. ஒரே ஆள் எல்லாக் குரலும் பேசுவார். இன்றைக்குக் கம்ப்யூட்டரில் 'கட்-அவுட்' என்று துண்டு துண்டாக வரைந்து மூட்டுக்கு ஆணி வைத்து ஆட்டுகிறோமே, அது முழுக்க அங்கே இருந்தது. அந்தப் பாவைகள் நினைத்தன. அனுமன் பேசுவதற்கு முன்னால் ஒரு சின்ன நடுக்கம் வரும், அவ்வளவுதான், கூட்டம் அமைதியாகிவிடும். வில்லுப்பாட்டிலும் அதே. கோயில் கொடை சமயத்தில் சுடலைமாடன் கதை விடிய விடிய நடக்கும். பாடுகிறவர் ஒரு வரியில் நிறுத்துவார், பின்பாட்டுக்காரர் "ஆமா" என்பார், அந்த ஆமாவுக்கு முன்னால் ஒரு இடைவெளி இருக்கிறது பாருங்கள், அங்கேதான் மாடன் வருகிறான். காட்சிகளை முன்கூட்டியே வரைந்துவைக்கிற ஸ்டோரிபோர்டுக்கு நேரம் குறிக்கும்போது இன்றைக்கும் அந்த ஆமாவை மனசுக்குள் போட்டுப் பார்த்துத்தான் குறிக்கிறேன்.

இவ்வளவும் தெரிந்துகொண்டுதான் மூன்று வாரம் உட்கார்ந்து அந்த எட்டு நொடியை முடித்தேன். புத்தகப் படத்தில் ஆச்சிக்குக் கட்டம் போட்ட சேலை, ஒவ்வொரு கட்டமாக இழைத்திருந்தேன். 96 தடவை அதைப் போட முடியாது, கரை மட்டும் வைத்துச் சேலையை வெறுமையாக்கினேன். முகச் சுருக்கங்களை நாலு கோட்டுக்குக் கொண்டுவந்தேன். அந்த நாலு கோட்டிலும் அவள்தான் என்று தெரிய வேண்டும் என்பதற்கு ஒரு வாரம் போனது. (இது ஒற்றைப் படத்துக்கும் திரும்பி வந்து உதவுகிறது, இப்போதெல்லாம் புத்தகத்துக்கு வரையும்போது கோடு தானாகக் குறைகிறது.) முடித்துவிட்டு லேப்டாப்பைத் தூக்கிக்கொண்டு தார்சாவுக்குப் போனேன்.

ஆச்சிக்கு இப்போது 82. கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பார்த்தாள். மறுபடி போடச் சொன்னாள். மூன்றாம் தடவையும்.

"இது நானாட்டி?"

"ஆமா ஆச்சி."

"கொடத்துல தண்ணியே இல்லியேட்டி. பொசுக்குன்னு தூக்குதா."

எனக்கு முகம் சுருங்கிவிட்டது. குடத்தின் வாயில் தண்ணீர் ததும்புகிறது, துளி தெறிக்கிறது, அதற்கென்றே தனி லேயர். "இங்க பாருங்க, தண்ணி தெரியுதுல்லா" என்றேன். "தண்ணி தெரியுது. கனம் எங்க?" என்று கேட்டாள்.

அப்புறம் சுவரைப் பிடித்துக்கொண்டு எழுந்து உள்ளே போய்ப் பித்தளைக் குடத்தை எடுத்துவந்தாள். குழாய் வந்து எத்தனையோ வருஷமாயிற்று, அந்தக் குடத்தில் புளி போட்டு வைத்திருந்தோம். புளியைச் சுளகில் கொட்டிவிட்டு முற்றத்தில் இறங்கினாள். நான் தடுத்தேன், கேட்கவில்லை. முற்றத்துத் தரையை ஆறாகப் பார்த்துக்கொண்டு நின்றாள். ஒன்றும் செய்யாமல் நின்றாள். எந்த இடத்தில் தெளிவாக இருக்கிறது என்று பார்க்கிறாளாம். குனிந்து குடத்தின் அடியால் தண்ணீரை இரண்டு பக்கமும் விலக்கினாள், இலை தூசி போவதற்கு. "ஒழுக்குக்கு எதுக்க வாயக் காட்டணும்" என்று சொல்லிக்கொண்டே சரித்தாள். "தண்ணிக்குள்ள இருக்க வரைக்கும் கொடம் கனக்காது. வெளிய வரும்போதுதான் கனக்கும்." ஒரு காலை மேல்படியில் வைப்பது மாதிரி திண்ணை விளிம்பில் வைத்தாள். குடம் நேராக இடுப்புக்குப் போகவில்லை. தொடைக்கு வந்தது. முழங்காலுக்கு மேலே அதை இருத்தி, அங்கே நின்று, ஒரு மூச்சு விட்டாள். அந்த மூச்சு முடிகிற இடத்தில் இடுப்பு ஒரு பக்கம் வெளியே வந்தது, குடம் அதில் ஏறி உட்கார்ந்தது, இன்னொரு கை தன்னால் எதிர்ப்பக்கம் நீண்டது. வெறுங்குடம். அதைத் தூக்கின தோளைப் பார்த்தால் நிறைகுடம்.

மூன்று தடவை செய்து காட்டினாள். நான் போனை எடுக்கவே மறந்துவிட்டேன், மளிகைச் சீட்டின் பின்பக்கத்தில் குச்சிக் குச்சியாகக் கிறுக்கினேன். தொடை. மூச்சு. இடுப்பு. கை.

முப்பது வருஷமாகப் பார்த்த ஆச்சி. இரண்டு தடவை வரைந்து அச்சில் வந்த ஆச்சி. அவள் குடத்தைத் தொடையில் இருத்தித்தான் தூக்குவாள் என்பது எனக்குத் தெரிந்தே இருக்கவில்லை. ஒற்றைப் படம் கேட்கவில்லை, காமிக்ஸ் கேட்கவில்லை, நானும் பார்க்கவில்லை. இதற்கப்புறம் அந்தக் காமிக்ஸுக்கு மறுபதிப்பு வந்தால் நாலுக்கும் ஐந்துக்கும் நடுவில் தொடையில் குடம் இருக்கிற கட்டம் ஒன்றைச் சேர்ப்பேன், வாசிக்கிறவர்களின் ஆச்சிமாரிடம் மன்னிப்புக் கேட்டுக்கொண்டு.

96 படத்தில் 31ஐ மட்டும் வைத்துக்கொண்டு மிச்சத்தை எடுத்துவிட்டேன். ஆச்சி தண்ணீரைப் பார்த்துக்கொண்டு நிற்பதற்கு முழுசாக இரண்டு நொடி கொடுத்தேன், கண்ணும் முந்தானை நுனியும் மட்டும் அசையும். தண்ணீரை விலக்குவதற்கு ஒன்றரை நொடி. தொடையில் குடம் இருக்கிற இடத்தில் தோள் இரண்டு கோடு இறங்கி ஒரு கோடு ஏறும், அதுதான் மூச்சு, அதை மட்டும் ஃப்ரேமுக்கு ஒரு படமாகப் போட்டேன். எட்டு நொடி பதிமூன்றாகிவிட்டது. இன்னும் ஒரு மாதம் போனது.

போன ஞாயிற்றுக்கிழமை கொண்டுபோய்க் காட்டினேன். ஒரு தடவை பார்த்தாள். மறுபடி போடச் சொல்லவில்லை. கண்ணாடியைக் கழற்றிச் சேலையில் துடைத்தாள்.

"சரி, எடுத்துட்டா. வீட்டுக்குப் போவாண்டாமா?"

எங்கள் பக்கத்துப் படித்துறையில் பதினேழு படி. நிறைகுடத்தோடு ஒரு படி ஏற ஒன்றரை நொடி என்று வைத்தால் படிக்குப் பதினெட்டுப் படம், மொத்தம் 306. ஒன்பதாவது படி உடைந்திருக்கும், அங்கே அவள் எந்தக் காலை முதலில் வைப்பாள் என்று கேட்டு எழுதிக்கொண்டேன். முதல் படியை நேற்று ராத்திரி ஆரம்பித்திருக்கிறேன்.